கால் படாத இடம்

சும்மா இரு என்று யாராவது என்னிடம் சொன்னால் எனக்கு எரிச்சல் வரும். டாக்டர் சொன்னாலும் வரும், பெற்ற பெண் சொன்னாலும் வரும். பெண் சொன்னது ஒரு செடிக்காக.

மயிலாப்பூரில், குளத்திலிருந்து நாலு தெரு தள்ளி, இரண்டாவது மாடியில் எங்கள் வீடு. பெண்ணின் அறை ஜன்னல் கம்பியில் அந்தத் தொட்டியைக் கட்டித் தொங்கவிட்டிருந்தாள். ஹோயா என்று பெயர். கெட்டி இலை, விரலால் தட்டினால் டப்பென்று சத்தம் வரும். கொடி இறங்கி இறங்கி அவளுடைய பழைய மேஜையைத் தொட்டுக்கொண்டிருந்தது. காட்டில் இது மரத்தின் மேல் ஏறி உட்கார்ந்துகொண்டு வளருமாம். மரத்தை உறிஞ்சாதாம், பிடித்துக்கொள்வதற்கு மட்டும்தான் மரமாம். அதனால் தொட்டியில் மண் கிடையாது. தேங்காய் மட்டைத் துண்டு, அடுப்புக்கரி, மரப்பட்டைச் சில்லு, அவ்வளவுதான்.

"ஜலம் ரொம்ப வேண்டாம்மா. விரல விட்டுப் பாரு, உள்ள காஞ்சிருந்தா மட்டும் கொஞ்சம் விடு. தொட்டியத் திருப்பாத, நகத்தாத. இலையத் துடைச்சிண்டே இருக்காத. பூ உதிர்ந்தா காம்பக் கிள்ளிப் போடாத, அதே காம்புலதான் மறுபடியும் பூக்கும். நீ சும்மா இருந்தாலே போறும்."

இவ்வளவு 'ஆத' போட்டு என்னிடம் ஒரு செடியை யாரும் ஒப்படைத்ததில்லை. நான் அடுப்பில் பாலை வைத்துவிட்டு அது பொங்கும் வரை நிற்க மாட்டாமல் நாலு வேலை செய்கிறவள். அந்தச் செடியை நம்பியா என்னை விட்டாய், என்னை நம்பியா அந்தச் செடியை விட்டாய் என்று கேட்டேன். சிரிக்கவில்லை. அப்போது அவள் சிரிக்கிற நிலையில் இல்லை.

நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். நாங்கள் பார்த்துப் பார்த்துச் செய்துவைத்த கல்யாணம். பெங்களூரில் குடித்தனம். ஒரு நாள் இரண்டு பெட்டியோடு வந்து நின்றாள். இனிமேல் முடியாது என்றாள். அவள் முகத்தைப் பார்த்ததும் நான் மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை, பெட்டியை வாங்கி உள்ளே வைத்தேன். சில மாதம் அவளுடைய பழைய அறையில் இருந்துகொண்டு இங்கேயே வேலைக்குப் போய்வந்தாள். ஆபீசில் யாரோ பாட்டிலில் போட்டுக் கொடுத்த ஒரு துண்டுக் கொடியை அந்தச் சமயத்தில்தான் கொண்டுவந்து வைத்தாள். காலையில் எழுந்ததும் முதலில் அதன் முகத்தில் விழிப்பாள். ஒரு புது இலை விட்டால் என்னைக் கூப்பிட்டுக் காட்டுவாள். எனக்கு அந்த இலையைவிட, அவள் என்னைக் கூப்பிட்டதுதான் பெரிதாக இருந்தது.

என் வீட்டுக்காரர் என்ன செய்தார் தெரியுமோ? மத்தியானத்தில் நான் கண்ணயரும் நேரமாகப் பார்த்து, பால்கனியில் நின்றுகொண்டு, பிள்ளை வீட்டாரிடம் சமாதானம் பேசிக்கொண்டிருந்தார். எப்படியாவது சேர்த்துவைத்துவிடலாம் என்று. வங்கியில் இருந்து ஓய்வு பெற்ற மனுஷர், எந்தக் கணக்கும் கடைசியில் நேராகிவிடும் என்ற எண்ணம். விஷயம் பெண்ணுக்குத் தெரிந்துவிட்டது. அன்றைக்கு இந்த வீட்டில் யாரும் சாப்பிடவில்லை. அடுத்த வாரமே பெசன்ட் நகரில் ஒரு வீடு பார்த்துக்கொண்டு கிளம்பினாள். "தனியா போய் இருக்கிறதுன்னா இனிமே என்கிட்ட பேச வேண்டாம்" என்றார். சரி என்றாள். இரண்டு பேருக்கும் ஒரே பிடிவாதம், ஒரே மூக்கு. பிறகு கோர்ட்டில் எல்லாம் முடிந்தது. இவர்கள் பேச்சு மட்டும் ஆரம்பிக்கவில்லை.

செடியை அவள் எடுத்துக்கொண்டு போகவில்லை. புது வீட்டு ஜன்னலில் மேற்கு வெயில் நேராக அடிக்கிறது, கடற்காற்று வேறு, இலை கருகிவிடும் என்றாள். "இங்கயே இருக்கட்டும். நான் வந்து பாத்துக்கறேன்."

சனிக்கிழமை சாயங்காலம் இவர் உபன்யாசம் கேட்கப் போவார். அவர் தெருமுனை திரும்பியிருக்க மாட்டார், அவள் ஸ்கூட்டர் சத்தம் கேட்கும். வந்தால் கூடத்தில் உட்கார மாட்டாள். நேரே அறைக்குள் போவாள். தொட்டிக்குள் விரலை விடுவாள், இலையைத் திருப்பிப் பார்ப்பாள். நான் கொடுக்கிற காபியை ஜன்னலோரம் நின்றபடியே குடிப்பாள். இவர் திரும்பி வருவதற்குள் போய்விடுவாள். "செடியப் பாக்கத்தான் வந்தேன்" என்று ஒவ்வொரு தடவையும் சொல்லுவாள், நான் எதுவும் கேட்காமலேயே. எனக்கு வலிக்கும். ஆனால் நான் முட்டாள் இல்லை. அந்தச் செடி ஜன்னலில் இருக்கிற வரைக்கும்தான் என் பெண் இந்த வீட்டுக்கு வருவாள். அது போனால் அவளுக்கு இங்கே வர ஒரு காரணமும் கிடையாது. என்னைப் பார்க்க வேண்டுமானால் வெளியே ஏதாவது ஹோட்டலில் பார்த்துக்கொள்ளலாம், இப்போது எல்லாரும் அப்படித்தானே செய்கிறார்கள்.

ஐப்பசி மழை பிடித்ததும் வந்தது வினை. அடி இலை ஒன்று மஞ்சளாகித் தொட்டதும் உதிர்ந்தது. வயதான இலை போலிருக்கிறது என்று விட்டேன். பிறகு இன்னொன்று. பிறகு கொடி பூராவும் இலைகள் சுருங்கிச் சுருங்கி, ரொம்ப நேரம் தண்ணீரில் ஊறிய கைவிரல் மாதிரி ஆயின. தாகம்தான் என்று நினைத்து ஒரு டம்ளர் தண்ணீர் விட்டேன். மறுநாள் இன்னும் சுருங்கியது. விட்டது தப்போ, விட்டது போதவில்லையோ என்று ஒன்றும் புரியவில்லை.

அதற்கப்புறம் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. குழம்புக்குப் புளி கரைத்தபடியே போய்ப் பார்ப்பேன். டிவியில் ஒரு காட்சி முடிவதற்குள் இரண்டு தரம் எழுந்து போவேன். மெட்ரோவுக்காகத் தெருவைத் தோண்டிப் போட்டிருந்ததால் தினமும் இலைமேல் புழுதி படியும், ஈரத்துணியால் துடைப்பேன். துடைக்காதே என்று சொன்னாளே என்று கையை எடுப்பேன். ஒருவேளை இருட்டோ என்று தொட்டியைக் கழற்றிக் கூடத்தில் மாட்டினேன். நகர்த்தாதே என்றாளே என்று பழைய இடத்திலேயே கொண்டுபோய் மாட்டினேன்.

"என்ன, குட்டி போட்ட பூனை மாதிரி அந்த ரூமுக்கும் கூடத்துக்கும் நடந்துண்டே இருக்க?" என்று இவர் பேப்பருக்குப் பின்னாலிருந்து கேட்டார்.

எந்த ரூம் என்று சொல்லவில்லை. யாருடைய ரூம் என்று அவர் வாயால் சொல்லி ரொம்ப நாளாகிவிட்டது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "உங்களுக்கென்ன, பேப்பரப் பாருங்கோ" என்றேன்.

சில நாளில் தொட்டியிலிருந்து புளித்த வாசனை அடித்தது. சின்னச் சின்னக் கொசு மாதிரிப் பூச்சிகள் மொய்த்தன. கொடியில் எறும்பு ஊர்ந்தது. கரியும் மட்டையும் இருக்கிற தொட்டிக்கு எறும்பு எதற்கு வர வேண்டும்? யாரோ எதையோ ஊற்றுகிறார்கள் என்று தோன்றியது. வீட்டில் இருப்பது நாங்கள் இரண்டு பேர், வேலைக்கு வருகிற அம்மா ஒருத்தி. இவர் அந்த அறைக்குள் காலெடுத்து வைக்க மாட்டார். நான் ஊற்றவில்லை. மிச்சம் யார்?

"டம்ளர்ல மிஞ்சின காபிய செடில கவுக்கறியா?" என்று கேட்டே விட்டேன்.

அவள் துடைப்பத்தைச் சுவரில் சாத்தினாள். "இன்னாமா இது, பேஜாராக்கீது. உன் செடில நான் எதுக்குமா காபி ஊத்தப் போறேன்? அந்த ரூமாண்ட நான் பெருக்க மட்டுந்தான் போறேன். எங்கூட்ல கீற செடிக்கே தண்ணி ஊத்த எனக்கு நேரமில்ல, வந்துட்ட கேக்க."

சொல்லிவிட்டு அன்றைக்குப் பாத்திரம் ஒவ்வொன்றையும் தொப்பென்று வைத்தாள். கேட்டிருக்க வேண்டாம்தான். மறுநாள் அவள் டப்பாவில் மோர்க்குழம்பு ஊற்றிக் கொடுத்தேன். அவளும் வாங்கிக்கொண்டாள், முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே.

அடையாற்றில் செடி விற்கிற இடத்துக்குப் போய் செல்போனில் எடுத்த படத்தைக் காட்டினேன். "தண்ணி ஜாஸ்தி ஆண்ட்டி, வேர் அழுகுது. வேர் அழுகினா இலைக்குத் தண்ணி ஏறாது, அதான் காஞ்ச மாதிரி தெரியுது" என்றான் அங்கிருந்தவன். ஒரே ஒரு டம்ளர் விட்ட செடிக்குத் தண்ணீர் எப்படி ஜாஸ்தியாகும் என்று அவனிடம் சண்டை போட்டேன். அப்படியே பாண்டி பஜாருக்கு ஆட்டோ பிடித்துப் போய், பக்கவாட்டில் ஓட்டை வைத்த தொட்டி ஒன்று தேடி, மாம்பலம் கூட்டத்தில் நசுங்கி, ஒன்றும் வாங்காமல் திரும்பினேன். வீட்டில் உட்கார முடியவில்லை, அதுதான் காரணம். வேறு எதற்காகவும் நான் போகவில்லை.

அந்தச் சனிக்கிழமை அவள் வந்து தொட்டிக்குள் விரலை விட்டுப் பார்த்தாள்.

"நீ விட்டியா?"

"ஒரே ஒரு டம்ளர். அதுவும் வாடினப்பறம்."

"இதுக்கு ஒரு டம்ளர் போறாது. யாரோ தினம் விடறா." தண்டை அமுக்கினாள், நீர் கசிந்தது. "போறதுன்னா போகட்டும்மா. அடுத்த வாரம் வந்து தொட்டியப் பிரிச்சுப் பாக்கறேன். ஒண்ணுமில்லன்னா தூக்கிப் போட்டுடலாம்." காபியைக் குடித்துவிட்டு, ஏதோ மழையைப் பற்றிச் சொல்வதுபோலச் சொன்னாள். "ஆபீஸ்ல ஹைதராபாத் போறியான்னு கேக்கறா. போலாம்னு பாக்கறேன். இங்க என்ன இருக்கு?"

நான் இருக்கேனே என்று சொல்ல வாயெடுத்தேன். சொன்னால் அழுதுவிடுவேன் என்று தெரிந்ததால் டம்ளரை வாங்கிக்கொண்டு உள்ளே போனேன்.

தினமும் காலையில் நான் பூங்காவுக்கு நடக்கப் போவேன். அந்த நேரத்தில் இவர் பூஜை செய்வார். அந்த வாரம் ஒரு நாள் தெருமுனைக்குப் போவதற்குள் மழை பிடித்துக்கொண்டது. பள்ளமெல்லாம் தண்ணீர், திரும்பி வந்துவிட்டேன். கதவைத் திறந்தால் பூஜை இடத்தில் விளக்கு எரிகிறது, ஆளைக் காணோம். பெண்ணின் அறையில் முணுமுணு என்று குரல் கேட்டது.

போய்ப் பார்த்தேன். ஈர வேட்டியோடு செடிக்கு எதிரே நிற்கிறார், எனக்கு முதுகைக் காட்டியபடி. இடது கையில் பஞ்சபாத்திரம். சின்ன ஸ்படிக லிங்கத்துக்கு அபிஷேகம் பண்ணிய பாலும் சந்தன ஜலமும் அதில்தான் இருக்கும். வலது கையில் அதன் சின்னக் கரண்டி, உத்தரணி. ஒவ்வொரு கரண்டியாக எடுத்துத் தொட்டியில் விடுகிறார்.

அபிஷேக ஜலத்தைக் கண்ட இடத்தில் கொட்டக் கூடாது, கால் படாத இடத்தில்தான் விட வேண்டும் என்பது எங்கள் வீட்டு வழக்கம். மொட்டை மாடியில் துளசித் தொட்டி இருந்தது, தினமும் ஏறிப் போய் அதில் விட்டுவிட்டு வருவார். முட்டி வலி வந்து மாடிப்படி ஏறுவதை அவர் நிறுத்தியது எனக்குத் தெரியும். அந்த ஜலம் அதற்கப்புறம் எங்கே போகிறது என்று நான் ஒரு நாளாவது யோசித்தேனா? இல்லை. வேலைக்காரியைப் போய்க் கேட்டேன்.

கத்துவதற்காக வாயைத் திறந்துவிட்டேன். அப்போதுதான் அவர் முணுமுணுத்தது காதில் விழுந்தது. கோயிலில் அர்ச்சனைக்குச் சொல்கிற வரிசைதான், கோத்திரம், நட்சத்திரம், பெயர். நட்சத்திரம் அவளுடையது. பெயர் அவளுடையது. கோத்திரம் எங்களுடையது.

இது புரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. எங்கள் வழக்கப்படி, பெண்ணைக் கல்யாணம் செய்துகொடுத்தால் அதோடு அவள் பிறந்த வீட்டுக் கோத்திரம் போய்விடும். அப்புறம் புருஷன் வீட்டுக் கோத்திரம்தான் அவளுக்கு. கோர்ட்டில் எல்லாம் முடிந்த பிறகு நான் கோயிலில் அவள் பேருக்கு அர்ச்சனை செய்யப் போய், குருக்கள் கோத்திரம் என்ன என்று கேட்டபோது முழித்தேன். வந்து இவரிடம் கேட்டேன். "ஜட்ஜு எழுதிக் கொடுத்தா கோத்திரம் மாறிடுமா? கொடுத்தது கொடுத்ததுதான்" என்று முகத்தில் அடித்தாற்போல் சொன்னார். சாஸ்திரத்தில் ஒரு எழுத்து விட்டுக்கொடுக்காத மனுஷர். அந்த மனுஷர்தான் இப்போது ஒரு செடிக்கு முன்னால் நின்றுகொண்டு, அவளைத் தன் கோத்திரத்தில் சேர்த்துச் சொல்லிக்கொண்டிருக்கிறார். யாருக்கும் தெரியாமல், தினமும்.

திறந்த வாயை மூடிக்கொண்டேன். கோபமும் போகவில்லை, அதுதான் கஷ்டம். "ஏன்னா" என்றேன்.

திடுக்கிட்டுத் திரும்பினார். உத்தரணி தரையில் விழுந்தது. "வாஷ்பேசின்லயா விடச் சொல்ற?" என்றார், நான் ஒன்றும் கேட்பதற்கு முன்னாலேயே. "கால் படாத இடம் நம்மாத்துல இது ஒண்ணுதான். இந்த ரூமுக்கு யாரு வரா?"

"இது ஜலம் கேக்காத செடின்னா. நன்னா இருக்கணும்னு விட்டு விட்டே சாகடிச்சுட்டேளே. பாருங்கோ."

பார்த்தார். கண்ணாடி இல்லாமல் அத்தனை நாளும் அவருக்கு இலை மஞ்சளானதே தெரிந்திருக்கவில்லை போலிருக்கிறது. கிட்டப் போய் ஒரு இலையைத் தொட்டார், அது கையோடு வந்துவிட்டது. அதைக் கீழே போடத் தெரியாமல் பிடித்துக்கொண்டு நின்றார்.

"அவளுக்குத் தெரியுமா?"

"சனிக்கிழமை வந்து பிரிச்சுப் பாக்கப் போறா. நான் சொல்லிடுவேன்."

"ஜலம் விட்டத வேணா சொல்லு. மத்தத சொல்லாதே."

"எல்லாத்தையும் சொல்லுவேன்" என்றேன். இந்த வீட்டில் சொல்லாமல் வைத்துக்கொண்டது போதும் என்று தோன்றியது.

சனிக்கிழமை அவர் வழக்கம்போலக் கிளம்பிப் போனார். உபன்யாசம் செய்கிறவர் ஊரில் இல்லை என்று மாம்பலத்திலிருக்கும் என் தங்கை காலையில்தான் போனில் சொல்லியிருந்தாள். அது இவருக்கும் தெரியும். இருந்தும் குடையை எடுத்துக்கொண்டு போனார்.

அவள் தரையில் பேப்பரை விரித்து உட்கார்ந்து தொட்டியைக் கவிழ்த்தாள். வேர் என்று ஒன்றும் இல்லை. பழுப்பாய்க் குழகுழவென்று, மட்டைத் துண்டோடு ஒட்டிக்கொண்டு வந்தது. மோந்து பார்த்தாள். "பாலும்மா. சந்தனம்கூட வாசனை வரது. யாரும்மா பால் விட்டா?"

சொன்னேன். முட்டி வலியில் ஆரம்பித்து எல்லாவற்றையும் சொன்னேன். பெயரைச் சொன்னார், நட்சத்திரத்தைச் சொன்னார் என்றபோது கத்தரியால் தண்டை நறுக்கிக்கொண்டேதான் இருந்தாள். கோத்திரத்தைச் சொன்னதும் கை நின்றது.

"நம்ம கோத்திரமா? நன்னா கேட்டியா?"

"எனக்கென்ன காது செவிடா?"

அப்புறம் கத்தரியை மறுபடி எடுத்தாள். தண்டை அடியிலிருந்து துண்டு துண்டாக நறுக்கிக்கொண்டே போனாள். வெட்டின இடமெல்லாம் உள்ளே கறுப்பு. நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். கொடி முக்கால்வாசி பேப்பரில் குவிந்த பிறகு, நுனியில் ஒரு இடத்தில் தண்டு பச்சையாய் இருந்தது, செடிப்பால் கசிந்தது. "இது உசிரோட இருக்கு" என்றாள். இரண்டு துண்டு தேறியது. அதை மடியில் வைத்துக்கொண்டாள்.

மணியாகிக்கொண்டிருந்தது. "அப்பா வர நேரம்" என்றேன்.

"தெரியும்" என்றாள். எழுந்திருக்கவில்லை.

கதவுச் சத்தம் கேட்டது. கூடத்தில் காலடி இங்கும் அங்கும் போய், பிறகு அறை வாசலில் வந்து நின்றது. வேட்டி முழங்கால் வரை நனைந்திருந்தது. குடையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அவர் என்னையும் பார்க்கவில்லை, அவளையும் பார்க்கவில்லை. பேப்பரில் கிடந்த குப்பையைப் பார்த்தார்.

"மிஞ்சித்தா ஏதாவது?"

அவ்வளவு மாதத்துக்குப் பிறகு அவர் அவளிடம் பேசிய முதல் வார்த்தை அதுதான்.

"ரெண்டு துண்டு. வேர் விடுமான்னு தெரியலை."

"என்னாலதான்."

"ஆமா, உன்னாலதான்" என்றாள். என் பெண் பூசி மெழுக மாட்டாள். "இனிமே இதுல விடாத. சின்னத் துளசி ஒண்ணு வாங்கிண்டு வரேன், ஜன்னல்ல வெச்சுக்கோ. அதுல விடு."

தலையை ஆட்டினார். போய்விடுவார் என்று நினைத்தேன். போகவில்லை. குடையின் பிடியைத் திருகிக்கொண்டே நின்றார். ஒரு மந்திரத்தையும் இதுவரை யாரிடமும் சரியா என்று கேட்டறியாத மனுஷர், தரையைப் பார்த்தபடி கேட்டார்.

"கோத்திரம் தப்பா சொல்லிட்டேனோ?"

அவள் மடியிலிருந்த துண்டுகளை எடுத்து என் கையில் கொடுத்தாள்.

"இல்லப்பா. சரியாத்தான் சொல்லிருக்க. ஈரத்தோட வாசல்ல நிக்காத, உள்ள வா."